அடுப்படி வரைக்கும்

நீலாம்பாள் எழுதிய மூன்று புத்தகங்களும் ஒரே கேள்வியைச் சுற்றியவை: ஒருவர் செய்கிற வேலைக்குப் பெயர் வைப்பது யார்? முதல் புத்தகம் கும்பகோணத்து ஓட்டல்களைப் பற்றியது. அடுப்பில் நிற்பவர் மாஸ்டர், பரிமாறுபவர் சப்ளையர். எச்சில் இலை எடுப்பவருக்கு மட்டும் பெயர் இல்லை, ‘டேய்’தான். யார் அடுப்பில் நிற்கலாம், யார் இலையோடு நின்றுகொள்ள வேண்டும் என்பதைக் கைப்பக்குவம் தீர்மானிக்கவில்லை, பிறந்த தெரு தீர்மானித்தது என்று ஓட்டல் ஓட்டலாக ஏறி இறங்கி விசாரித்து எழுதியிருந்தாள். இரண்டாவது புத்தகம் ஆஸ்பத்திரி ஆயாக்களைப் பற்றியது. மூன்றாவதை எழுத அவள் வெளியூர் எங்கும் அலையவில்லை. தான் பாடம் நடத்தும் கல்லூரியின் கோடை விடுமுறையில் சொந்த ஊருக்கு வந்து, தன் சின்னம்மா அம்சத்தின் குடிசை வாசலில் உட்கார்ந்துகொண்டாள்.

அந்த மூன்றாவது புத்தகம்தான் இப்போது மிராசுதார் ரெங்கசாமியின் வீட்டு வாசலில், பந்தலுக்குக் கீழே போட்ட மேசையில், ஸ்தல விசாரணைக்கு வந்திருந்த தாசில்தாருக்கு முன்னால் கிடந்தது. கொண்டுவந்து வைத்தது நீலாம்பாள் இல்லை. ரெங்கசாமியின் வக்கீல் சாரங்கபாணி.

விவகாரம் அம்சத்தின் குடிசை மனை. கல்யாணமாகி வந்ததிலிருந்து அவள் ரெங்கசாமியின் நெற்களத்து ஓரத்தில்தான் இருக்கிறாள். புருஷன் பண்ணையாளாக இருந்து செத்துப்போனான். விவசாயத் தொழிலாளி குடியிருக்கும் மனை அவருக்கே சொந்தம் என்று அரசாங்கம் சட்டம் போட்டுப் பத்து வருஷத்துக்கு மேல் ஆகிறது. “உன்ன யாரு வெரட்டப் போறா? எழுதி வாங்கித்தான் இருக்கணுமா?” என்று ரெங்கசாமி கேட்டதை நம்பி அப்போது அவள் மனுப் போடவில்லை. இப்போது பக்கத்தில் பெரிய ரோடு வந்துவிட்டது. களம் இருக்கிற இடத்தில் கல்யாண மண்டபம் கட்டலாம் என்று ரெங்கசாமிக்குத் தோன்றியது. குடிசையைப் பிரிக்கச் சொன்னார். அம்சம் மனுப் போட்டாள். ரெங்கசாமி ஆட்சேபணை கொடுத்தார்: இவள் விவசாயத் தொழிலாளி இல்லை, எங்கள் வீட்டு வேலைக்காரி, அந்தச் சட்டம் இவளுக்குப் பொருந்தாது.

இந்த ‘வீட்டு வேலைக்காரி’ எப்படி வந்தது என்பதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். வயல் வேலைக்கு இன்ன கூலி என்று அரசாங்கம் நிர்ணயித்ததும் கீழத்தஞ்சையில் பல மிராசுதார்கள் ஆட்களைக் கழற்றிவிட்டார்கள். ரெங்கசாமி அப்படிச் செய்யவில்லை. பண்ணையில் இருந்த சில பெண்களைக் கூப்பிட்டு, “இனிமே நீங்கள்லாம் நம்ம வீட்டு ஆளுங்க” என்றார். கேட்பதற்கு இனிமையாகத்தான் இருந்தது. மறுநாள் அம்சம் அதே கொட்டிலில் அதே சாணியை அள்ளினாள், அதே எருவைச் சுமந்தாள், அதே களத்தில் அதே நெல்லைத் தூற்றினாள். வேலையில் ஒரு துரும்பு மாறவில்லை. பெயர்தான் மாறியது. வயல் ஆளுக்குச் சட்டப்படி நெல் அளக்க வேண்டும். வீட்டு ஆளுக்குக் கஞ்சி ஊற்றினால் போதும், பொங்கலுக்கு ஒரு புடவை எடுத்துக் கொடுத்தால் புண்ணியமும் சேரும். இதைத்தான் நீலாம்பாள் புத்தகத்தில் படிப்படியாக விளக்கியிருந்தாள்.

சாரங்கபாணி அந்தப் படிகளில் ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டார்.

“‘சேவைத் தொழில்கள்’னு தலைப்பு போட்ருக்காங்க சார், வயல் வேலைன்னு இல்ல. அதுக்குக் கீழ மனுதாரர் பேரு, ஊரு, செய்யிற வேலை எல்லாம் இருக்கு. இது நாங்க எழுதினதில்ல. காலேஜ் பேராசிரியை எழுதினது. அதுவும் மனுதாரரோட அக்கா மக. இதுக்கு மேல என்ன சாட்சி வேணும்?”

“அடுத்த பக்கத்தையும் படிங்க” என்றாள் நீலாம்பாள். “கூலியை ஏமாத்துறதுக்காக வெச்ச பேருன்னு எழுதியிருக்கேன்.”

“அது உங்க அபிப்பிராயம்மா. தலைப்பு உங்க ஆராய்ச்சி. நான் உங்க ஆராய்ச்சிக்கு மரியாதை குடுக்கிறேன்.”

ரெங்கசாமியின் பக்கத்து நாற்காலிகளில் சிரிப்பு எழுந்தது. பந்தலுக்கு வெளியே வெயிலில் நின்றுகொண்டிருந்த அம்சத்தின் தெருக்காரர்கள் யாரும் சிரிக்கவில்லை. அவர்களுக்கு முன்னால் நின்ற அம்சம், பந்தல் ஓரத்தில் உட்கார்ந்திருந்த நீலாம்பாளின் காதருகே குனிந்தாள்.

“ஏன் பாப்பா, என்னெப் பத்தி எழுதுறேன் எழுதுறேன்னு சொல்லி என் கூரையிலயே கொள்ளி வெச்சிட்டியா?”

நீலாம்பாளுக்கு முகம் சுட்டது.

தாசில்தார் காதர் மைதீன் புத்தகத்தை மூடி ஓரமாகத் தள்ளினார். “புஸ்தகம் ஒரு பக்கம் இருக்கட்டும். எனக்குத் தெரிய வேண்டியது ஒண்ணுதான். இந்தம்மா வீட்டுக்குள்ள வேலை பாத்தவங்களா, இல்ல வெளியில பண்ணை வேலை பாத்தவங்களா? வீட்டு வேலைன்னா மனு தள்ளுபடி. பண்ணை வேலைன்னா பட்டா. அதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க.”

நீலாம்பாள் எழுந்தாள். ஒரு விஷயம் எப்படி நடக்கிறது என்று விளக்குவதில் அவளுக்கு எப்போதும் ஒரு நம்பிக்கை உண்டு. முழுக்க விளங்கிவிட்டால் எதிராளி வாயடைத்துப்போவான் என்று நினைப்பாள்.

“சார், சாகுபடி வயல்ல ஆரம்பிக்கிறதில்ல. விதையில ஆரம்பிக்குது. விதை நெல்லை வெயில்லயும் பனியிலயும் போட்டுக் காயவெச்சு, வைக்கோலைக் கயிறாத் திரிச்சு, மூட்டை மாதிரி கோட்டை கட்டி, மேல சாணி மெழுகி வெப்பாங்க. நாத்து விடுற நேரத்துல அந்தக் கோட்டையைத் தண்ணியில போட்டு, எடுத்து வடிய விட்டு, வைக்கோல் மூடிக் கல்லு ஏத்தி வைக்கணும். உள்ள சூடு ஏறும். சூடு கம்மியா இருந்தா முளை வராது. அதிகமானா விதை வெந்துடும். வைக்கோலுக்குள்ள கையை விட்டுப் பாத்துக்கிட்டே இருக்கணும். இந்தப் பண்ணையில அந்தக் கை எங்க சின்னம்மா கை. நாத்தங்காலுக்குப் போற எருவும் அவங்க சுமந்ததுதான். இது எப்படி சார் வீட்டு வேலையாகும்?”

காதர் மைதீன் ஆர்வமாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். சாரங்கபாணி இருமிக்கொண்டு எழுந்தார்.

“அழகா சொன்னாங்க சார், எனக்கே விதை விடலாம் போல இருக்கு. ஆனா நெல்லுல கை வெச்சவங்க எல்லாம் விவசாயத் தொழிலாளின்னா, வீட்டுல நெல்லு அவிச்சுக் காயப் போடற என் சம்சாரமும் விவசாயத் தொழிலாளிதான். அவளுக்கும் ஒரு மனை எழுதிக் குடுத்துடுங்க.”

இந்தத் தடவை தாசில்தாரின் குமாஸ்தாவும் சிரித்துவிட்டார். நீலாம்பாள் உட்கார்ந்தாள். வகுப்பில் இதே விளக்கத்துக்குப் பிள்ளைகள் கைதட்டியிருந்தார்கள்.

“நீ சொன்னது அத்தனையும் நெசந்தான்” என்றாள் அம்சம் மெல்ல. “ஆனா இவனுவ நெசத்தக் கேக்கவா வந்துருக்கானுவ?”

அடுத்ததாக ரெங்கசாமி சாட்சி சொல்ல எழுந்தார். அவர் இப்போது வெறும் மிராசுதார் இல்லை. கட்சியில் ஒன்றிய அளவில் பொறுப்பு, தோளில் கரைத்துண்டு. மேடைகளில் சமத்துவத்தைப் பற்றி அவர் பேசினால் கூட்டம் நன்றாகவே கைதட்டும். கலெக்டர் ஆபீசுக்கு அவர் ஒரு போன் பேசினால் தாசில்தார்கள் கோடியக்கரைப் பக்கம் உப்புக் காற்று வாங்கப் போக வேண்டியதுதான் என்று ஊரில் பேச்சு.

“அய்யா, நாங்கள்லாம் இயக்கத்துல வளந்தவங்க. ஜாதி, கீதி எங்க வீட்டுல கெடயாது. அம்சம் எங்க வீட்டு மனுஷி மாதிரி. கூடத்துல பெருக்குவா. அடுப்படி வரைக்கும் வருவா, போவா. பாத்திரம் பண்டம் அத்தனையும் அவ பொறுப்புலதான். பெத்த பொண்ணு மாதிரி வெச்சிருந்தோம். அவ மேல எனக்கு ஒரு கோவமும் இல்ல. சொல்லிக் குடுத்தவங்க மேலதான் வருத்தம்.”

வெளியே நின்ற கூட்டத்தின் பின்னாலிருந்து இளையபெருமாள் குரல் கொடுத்தான். அதே பண்ணையில் ஏர் ஓட்டியவன். “எந்த அடுப்படிங்க? கொல்லையில நெல்லு அவிக்கிற அடுப்பா?”

“யார்றா அது? விசாரணை நடக்குதுல்ல!” என்று அதட்டினார் சாரங்கபாணி.

நீலாம்பாளின் உடம்பு முழுவதும் கொதித்தது. நிலத்தைப் பிடுங்குகிறார்கள், அது தெரிந்த கதை. ஆனால் ஒரு நாளும் கொடுக்காத ஒன்றைக் கொடுத்ததாகச் சொல்லி, அதை வைத்தே பிடுங்குகிறார்களே!

அந்த வீடு இயங்கிய விதம் அவளுக்கு வரி வரியாகத் தெரியும். அம்சம் உள்ளே வர வேண்டிய அவசியமே நேராதபடி அந்த வீட்டில் ஒவ்வொரு வேலையும் வகுக்கப்பட்டிருந்தது. கொட்டிலில் அவள் சாணி அள்ளுவாள், பால் கறந்து உள்ளே கொண்டுபோவது வேறு ஆள். அடுப்புச் சாம்பலை உள்ளிருந்து ஒருத்தி கொல்லைப் படியில் கொட்டிவிட்டுப் போவாள், அம்சம் அங்கிருந்து அள்ளுவாள். நெல் அவிக்கும் அண்டாவைத் தேய்த்துக் கவிழ்த்துவிட்டு அவள் நகர்ந்துகொள்ள வேண்டும். அதன்மேல் தண்ணீர் தெளித்த பிறகுதான் உள்ளே எடுப்பார்கள். கஞ்சியைக்கூடப் படியின் மேலே நின்று உயரத்திலிருந்துதான் ஊற்றுவார்கள், அவள் கீழே நின்று பாத்திரத்தில் ஏந்த வேண்டும். இத்தனையும் யாரும் யாரையும் திட்டாமல், ஒரு கதவைக்கூடச் சாத்தாமல், வருஷக்கணக்காக நடந்தது. ஒழுங்காக ஓடுகிற இயந்திரத்தில் சத்தம் வராது.

நீலாம்பாள் எழுந்தாள். இந்தத் தடவை விளக்கத் தோன்றவில்லை.

“அவர் சொன்னதை எழுதிக்கிட்டீங்களா சார்? அடுப்படி வரைக்கும் வருவா, போவான்னு?”

“எழுதியாச்சு” என்றார் குமாஸ்தா.

“சின்னம்மா, தாசில்தார் சாருக்குத் தாகமா இருக்கும். உள்ள போயி அடுப்படியிலேருந்து ஒரு சொம்பு தண்ணி கொண்டாந்து குடு.”

தாசில்தாருக்கு முன்னால் கடையில் வாங்கிவந்த கலர் சோடா பாட்டில் ஒன்று, மூடி திறந்தபடி இருந்தது. அந்த வீட்டில் தனக்கு ஏன் சொம்பில் தண்ணீர் வரவில்லை, பாட்டிலில் கலர் வந்தது என்பது காதர் மைதீனுக்கும் தெரியாமல் இல்லை. அவர் பாட்டிலைப் பார்த்தார். வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தவர் சொல்லவில்லை.

அம்சம் அசையவில்லை.

“போ சின்னம்மா.”

“பாப்பா, வேணாம்.”

“அடுப்படி வரைக்கும் வருவேன்னு அவரேதான சொல்றாரு? போயேன்.”

“கால் வரலடி” என்றாள் அம்சம். அவள் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, அழுகையில் இல்லை, ஆத்திரத்தில். “எட்டி வெக்கணும்னு நெனக்கிறேன், வரமாட்டேங்குது. இத்தினி வயசாச்சு, இந்தக் கால் என் பேச்சக் கேக்குதா, அவங்க பேச்சக் கேக்குதா?”

தெருக்காரர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ரெங்கசாமி நாற்காலியில் சாய்ந்துகொண்டு, “போயேன் அம்சம், யாரு உன்னத் தடுக்குறா?” என்றார். சிரித்த முகமாகத்தான் சொன்னார். அவள் போகமாட்டாள் என்பது அவருக்குத் தெரியும்.

அந்தச் சிரிப்புதான் காரியத்தைச் செய்தது. அம்சம் முந்தானையை இழுத்து இடுப்பில் செருகினாள். பந்தலுக்குள் நடந்தாள். மேசையைத் தாண்டி, சாரங்கபாணியைத் தாண்டி, ரெங்கசாமியின் நாற்காலியைத் தாண்டி, வாசல் படியில் ஏறினாள். நிலையைத் தாண்டி நடையில் கால் வைத்தாள். கூடத்துக்குப் போகும் கதவு எதிரே திறந்திருந்தது. ரெங்கசாமியின் கைகள் நாற்காலிக் கையை இறுக்கிப் பிடித்தன. ஆனால் அவர் எழவில்லை. மண்டபத்தை நினைத்துக்கொண்டு பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

உள்ளே அவர் மனைவி ராஜலெட்சுமி இருந்தாள். வாசலில் அதுவரை நடந்த பேச்சு எதுவும் அவள் காதில் விழுந்திருக்கவில்லை.

“அய்யய்யோ! ஏண்டி, கண்ணு அவிஞ்சு போச்சா ஒனக்கு? எறங்குடி! கொல்லப் பக்கம் போடி!”

“வாசல்ல ஐயாவுக்குத் தண்ணி கேக்குறாங்கம்மா. எடுக்கத்தான் வந்தேன்.”

“நீ எடுப்பியா? நீ எடுத்து நாங்க குடிப்பமா? எறங்கு மொதல்ல!”

ரெங்கசாமி இருந்த இடத்திலிருந்தே கத்தினார். “ராஜி! விடு. தண்ணி எடுக்கத்தான் போறா. போகட்டும்.”

ராஜலெட்சுமி நடைக்கே வந்துவிட்டாள். அவளுக்குக் கணவனைப் புரியவில்லை. “போகட்டுமா? என்னங்க, புத்தி பேதலிச்சுப் போச்சா உங்களுக்கு? இன்னிக்கு வரைக்கும் ஒரு நாளு, ஒரே ஒரு நாளு இந்த நடைய மிதிச்சிருப்பாளா அவ? உங்க அம்மா செத்துக் கெடந்தப்பகூடக் கொல்லையில நின்னுதான அழுதா?”

குமாஸ்தாவின் பேனா தாளுக்கு மேலே நின்றது.

முதலில் வாய் திறந்தவர் சாரங்கபாணி. “சார், இது சாட்சியம் இல்ல. அந்தம்மா சத்தியப் பிரமாணம் எடுக்கல. பெண்டுகள் வீட்டுக்குள்ள சத்தம் போட்டதை எல்லாம் பதிவு பண்ண முடியாது.”

காதர் மைதீன் நெற்றியைத் தேய்த்தார். ரெங்கசாமியைப் பார்த்தார், அவர் தோளில் கிடந்த துண்டைப் பார்த்தார். “சட்டப்படி அவர் சொல்றது...” என்று இழுத்தார்.

“ஸ்தல விசாரணைன்னா கண்ணால பாத்ததை எழுதறதுதான சார்?” என்றாள் நீலாம்பாள். குரல் உடைந்து கீச்சென்று வந்தது. அதைப் பற்றி அவள் கவலைப்படவில்லை. “பாத்தீங்கல்ல? கேட்டீங்கல்ல? எழுதுங்க!”

“எழுதுங்க!” என்று இளையபெருமாள் கத்தினான். பிறகு வெயிலில் நின்ற அத்தனை பேரும் கத்தினார்கள்.

அம்சம் நடையில் நின்றாள். மேலேயும் போகவில்லை, கீழேயும் இறங்கவில்லை. வாசல் நிலைக்கால் இரண்டையும் கையால் பிடித்துக்கொண்டாள்.

“நான் எறங்க மாட்டேன். என்ன நடந்துச்சோ அத அவரு எழுதட்டும். எழுதிப் படிச்சுக் காட்டட்டும். அதுவரைக்கும் இங்கதான் நிப்பேன். இல்லன்னா உள்ள போயி அந்த அடுப்படியிலேயே ஒக்காந்துக்குறேன்.”

“தொடாதடி நெலய! பூச வெக்கிற நெலடி அது!” ராஜலெட்சுமியின் குரல் அழுகையாக மாறிவிட்டது. “ஏங்க, பாத்துக்கிட்டு ஒக்காந்திருக்கீங்களே! அவள எறங்கச் சொல்லுங்களேன்!”

இழுத்துவிடவும் முடியாது. இழுப்பதற்குத் தொட வேண்டும். தொடுவதற்கு ஆளைக் கூப்பிட்டால் வருகிற ஆளும் அம்சத்தின் தெருவிலிருந்துதான் வர வேண்டும். அவர்கள் எல்லாரும் பந்தலுக்கு வெளியே நின்று கத்திக்கொண்டிருந்தார்கள்.

அம்சம் ஒரு காலை எடுத்துக் கூடத்துப் பக்கம் வைத்தாள்.

ரெங்கசாமி எழுந்துவிட்டார். துண்டு தோளிலிருந்து நழுவி விழுந்தது. “எழுதித் தொலைங்கய்யா! என்ன வேணுமோ எழுதிக்குங்க! மொதல்ல அவள எறங்கச் சொல்லுங்க!”

“சார், சார், ஒரு நிமிஷம்” என்று சாரங்கபாணி அவர் கையைப் பிடித்தார்.

“கையை விடுய்யா! வீடு போவுது, நீ மண்டபத்துல இருக்க!”

காதர் மைதீன் குமாஸ்தாவிடம் திரும்பினார். இப்போது அவர் குரலில் தயக்கம் இல்லை. “எழுதுங்க. மனுதாரர் இந்த வீட்டுக்குள் ஒருபோதும் அனுமதிக்கப்பட்டதில்லை என்பது எதிர்தரப்பின் மனைவி சொன்னதிலிருந்தும், மனுதாரரை வெளியேற்றும்படி எதிர்தரப்பே கேட்டுக்கொண்டதிலிருந்தும் நேரில் தெரிகிறது. எனவே மனுதாரர் செய்தது வீட்டு வேலை அல்ல, பண்ணை வேலை. மனை உரிமை வழங்கலாம்.” பிறகு, “உரக்கப் படிங்க. அந்தம்மாவுக்குக் கேக்கணும்” என்றார்.

குமாஸ்தா படித்தார். அம்சம் கடைசி வார்த்தை வரைக்கும் கேட்டாள். “இன்னொரு தடவ” என்றாள். மறுபடியும் படித்தார். அதற்குப் பிறகுதான் நிலையை விட்டாள்.

அவள் படியை விட்டு இறங்கி இரண்டடி எடுத்து வைப்பதற்குள் பின்னால் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது. ராஜலெட்சுமி குடத்தோடு வந்து நடையில் கொட்டினாள், நிலைக்காலில் கொட்டினாள், படியில் கொட்டினாள். தண்ணீர் படிப்படியாக வழிந்து பந்தல் மண்ணில் ஓடியது. தெருக்காரர்களின் சத்தம் அடங்கிப்போனது.

நீலாம்பாள் மேசையிலிருந்து தன் புத்தகத்தை எடுத்துக்கொண்டாள். ஜெயித்தாகிவிட்டது. மனை கிடைத்துவிட்டது. ஆனால் எதைச் சொல்லிக் கிடைத்தது? சின்னம்மா அந்த வீட்டுக்குத் தீட்டு என்பது நிரூபணமானதால் கிடைத்தது. அதைத்தான் அரசாங்கத் தாளில் மையால் எழுதி வாங்கியாகிவிட்டது. யார் முகத்திலாவது அறைய வேண்டும் போலிருந்தது.

“வா சின்னம்மா, போலாம்.”

அம்சம் வரவில்லை. திரும்பி நின்று ராஜலெட்சுமி கழுவி முடிப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசிக் குடத்தையும் கொட்டிவிட்டு ராஜலெட்சுமி நிமிர்ந்ததும் அம்சம் விறுவிறுவென்று நடந்தாள். இந்தத் தடவை காலுக்கு யோசனை எதுவும் இல்லை. ஈரப் படியில் ஏறி, நிலையைத் தாண்டி, நடையில் இரண்டு காலையும் அழுத்தி வைத்துவிட்டு இறங்கி வந்தாள். கழுவிய தரையில் களத்து மண் அப்பிய பாதம் முழுசாகப் பதிந்திருந்தது.

“இப்பக் கழுவு” என்றாள்.